மூன்றாம் எண் விற்பனைக்கு

மார்ச் 4, செவ்வாய்

காலாண்டுச் சந்தைக் குறிப்பை ஒருவழியாக முடித்துக் கொடுத்தேன். புது எஸ்கலேட்டர் வாங்குகிறவர்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள். பழையதைக் கழற்றி வந்து, படி, சங்கிலி, கைப்பிடி எல்லாம் மாற்றி, இரும்புச் சட்டத்தை மட்டும் வைத்துக்கொண்டு புதிதுபோல ஆக்கித் தந்தால் வாங்க ஆள் இருக்கிறது. நகரும் நடைபாதைக்கு நல்ல கிராக்கி: விமான நிலையங்கள், பெரிய ஆஸ்பத்திரிகள். மால்களோ ஒவ்வொன்றாகக் கதவைச் சாத்துகின்றன. ஜனங்கள் படுத்துக்கொண்டே போனில் சாமான் வாங்கும்போது மாடி ஏற யார் வருவார்கள்? மால்காரர்களுக்கு இழவு, எங்களுக்குச் சரக்கு. குறிப்பில் இப்படி எழுதவில்லை, "கொள்முதல் வாய்ப்புகள் அதிகரிக்கும்" என்று நாகரிகமாக எழுதினேன்.

முதலாளி படித்துவிட்டு "எழுபது சதவீதம் நல்லாருக்கு" என்றார். காப்பி எப்படி என்று கேட்டாலும் இப்படித்தான் சொல்வார். ஆபீசில் அவர் பெயரே சதவீதம்.

மார்ச் 6, வியாழன்

சதவீதம் கூப்பிட்டார். மால் ஒன்றை மூடுகிறார்களாம். நான்கு எஸ்கலேட்டர்கள், மொத்தமாக. வாங்குவதற்கு ஆஸ்பத்திரி ஒன்று தயாராக நிற்கிறதாம். "நீயே நேர்ல பார்த்து மதிப்பு எழுதிக் குடும்மா. உன் கையெழுத்து இருந்தா அவங்க கேள்வி கேக்க மாட்டாங்க."

எந்த மால் என்றேன். சொன்னார். சரி சார் என்றேன்.

பிறகு பாத்ரூமுக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நின்றேன்.

அந்த மால். அங்கே மூன்றாம் எண் எஸ்கலேட்டரில்தான் அண்ணன் செத்தான். இந்த ஆபீசில் யாருக்கும் தெரியாது. வேறு யாரையாவது அனுப்புங்கள் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே? வாயில் என்ன கொழுக்கட்டையா?

மார்ச் 7, வெள்ளி

எழுதிவிடுகிறேன். எழுதாமல் வைத்திருந்து என்ன கண்டேன்.

என் கணவரும் அண்ணனும் ஒரே பராமரிப்புக் கம்பெனியில் மெக்கானிக்குகள். அண்ணன்தான் இவரை வீட்டுக்கு அழைத்து வந்தவன், எனக்குக் கட்டிவைத்தவன். அன்று காலை, மால் திறக்கும் முன்பு, மூன்றாம் எண்ணில் இருவருக்கும் வேலை. அண்ணன் கீழே கடைசிப் படியை மாட்டிக்கொண்டிருந்தான். இவர் மேலே, ஓட்டும் சாவிக்குப் பக்கத்தில். மெஷின் ஓடிவிட்டது. கையோடு அவனையும் உள்ளே இழுத்துக்கொண்டது.

விசாரணையில் "பணியாளரின் கவனக்குறைவு" என்று முடித்தார்கள். எந்தப் பணியாளர் என்று எழுதவில்லை. அம்மா அந்த இடத்தை நிரப்பிக்கொண்டாள். "அந்த ஆளுதான் சாவியத் திருப்பினான்." அன்றிலிருந்து எங்கள் வீட்டு வாசலை அவள் மிதிக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் நான் மட்டும் போய் வருகிறேன்.

இவர் வேலையை விட்டுவிட்டுத் தையல் மெஷின் ரிப்பேர் கடை போட்டார். இடுப்புக்கு மேல் உயரமான எந்த மெஷினையும் தொடுவதில்லை. எங்களுக்குள் எல்லாம் உண்டு: சண்டை, சிரிப்பு, கரண்ட் பில், ஒருத்தர் முதுகுக்கு ஒருத்தர் தைலம். அந்த ஒரு கேள்வியை மட்டும் நான் கேட்டதில்லை. நீங்கதான் திருப்பினீங்களா? ஆமாம் என்று சொல்லிவிட்டால் அப்புறம் எப்படி அவருக்குச் சோறு போடுவேன்?

இன்று சொன்னேன், அங்கே போகிறேன் என்று. ஊசியில் நூல் கோத்துக்கொண்டிருந்தவர் நிமிரவில்லை.

"மூணாவதுமா?"

"நாலுமே."

"குடை எடுத்துட்டுப் போ. மழை வர்ற மாதிரி இருக்கு."

மழை வருவதற்கான அறிகுறியே இல்லை.

மார்ச் 10, திங்கள்

எழுத்து கோணலாகப் போகிறது. போகட்டும்.

மாலில் நான், எங்கள் எலெக்ட்ரீஷியன், அங்கேயே மிச்சமிருந்த ஒரு காவலாளி, மூன்றே பேர். கடைகளுக்கெல்லாம் ஷட்டர். துணிக்கடை வாசலில் பொம்மைகளைச் சுவர் பார்க்கத் திருப்பி வைத்திருந்தார்கள், தண்டனை கொடுத்ததுபோல.

முதல் இரண்டையும் பார்த்தோம். நின்றுபோன எஸ்கலேட்டரில் கால் வைத்தால் உடம்பு ஒரு கணம் முன்னால் சாயும், ஓடும் என்று கால் நம்பிக்கொண்டிருப்பதால். எத்தனை வருடத் தொழில், இன்னும் எனக்கு அது பழகவில்லை.

மூன்றாம் எண்ணில் ஏற மாட்டேன் என்று முடிவு செய்து, பக்கத்துப் படிக்கட்டில் ஏறி மேலே போனேன். எலெக்ட்ரீஷியன் கீழே மூடியைத் திறந்து குனிந்திருந்தார். "சாவியப் போட்டு வைங்க மேடம், திருப்பாதீங்க, நான் சொல்றேன்" என்றார். போட்டேன். கையைச் சாவி மேல் வைத்துக்கொண்டு நின்றேன். காவலாளி ஜெனரேட்டரிலிருந்து மெயின் கரண்டுக்கு மாற்றப் போயிருந்தார்.

விளக்குகள் ஒருமுறை கண் சிமிட்டின. மூன்றாம் எண் ஓட ஆரம்பித்தது.

யாரும் இல்லாமல். படி படியாக என்னைப் பார்த்து ஏறி வந்து, என் காலடியில் நுழைந்து நுழைந்து மறைந்தது. கத்திக்கொண்டே அவசர பட்டனில் அடித்தேன். எலெக்ட்ரீஷியன் அப்போதுதான் தலையை வெளியே எடுத்திருந்தாராம். முகமெல்லாம் வெளுத்து மேலே ஓடி வந்தார்.

"என்ன மேடம், திருப்பாதீங்கன்னு சொன்னேனே!"

"நான் திருப்பல."

அவர் சாவியைப் பார்த்தார். அதன் மேல் இருந்த என் கையைப் பார்த்தார்.

மார்ச் 11, செவ்வாய்

நான் திருப்பவில்லை.

திருப்பினேனா?

மார்ச் 12, புதன்

திரும்பவும் போய்ச் சோதித்தோம். மெயின் சுவிட்சை அணைத்தோம், போட்டோம், அணைத்தோம், போட்டோம். மூன்றாம் எண் அசையவே இல்லை. சாது மாதிரி நின்றது.

"கரண்ட் போனா, திரும்பச் சாவி திருப்பாம ஓடவே ஓடாது மேடம். அப்படித்தான் செஞ்சிருக்காங்க" என்றார் எலெக்ட்ரீஷியன். கோபமாகச் சொல்லவில்லை. காய்ச்சல்காரியிடம் பேசுவதுபோல மெதுவாகச் சொன்னார். அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது. "ஆளில்லாத இடம். கை பதறியிருக்கும். யாருக்கும் வர்றதுதான்."

சதவீதத்திடம் சொன்னேன். கன்ட்ரோல் பெட்டியைப் புதிதாகப் போட்டுக் கொடுப்போம் என்றேன். பழைய பெட்டியோடு கொடுப்பதாக விலை பேசியாகிவிட்டதாம். "நீ சொல்றது நடக்க ஒரு சதவீதம்கூட வாய்ப்பில்லைங்கறாரு எலெக்ட்ரீஷியன். திங்கக்கிழமைக்குள்ள கையெழுத்து வேணும்மா."

ஆஸ்பத்திரி. தடி ஊன்றி ஏறுகிறவர்கள், குழந்தையைத் தூக்கிக்கொண்டு ஏறுகிறவர்கள். அடியில் குனிந்து வேலை செய்யப்போகிற எவளோ ஒருத்தி பெற்ற பிள்ளை.

மார்ச் 13, வியாழன்

இன்று காலை கேட்டுவிட்டேன். கேட்கவில்லை, சொன்னேன். கடைக்குக் கிளம்பச் சட்டை போட்டுக்கொண்டிருந்தார். நடந்தது முழுவதையும் ஒரே மூச்சில் கொட்டினேன். பாதிச் சட்டையோடு கட்டிலில் உட்கார்ந்துவிட்டார்.

"கை எங்க இருந்துச்சு?"

"சாவி மேல."

"திருப்பினியா?"

"இல்ல. தெரியல. இல்லங்க, திருப்பல."

"எனக்கும் அப்படித்தான்" என்றார். "மொதல்ல திருப்பலைன்னு நல்லாத் தெரியும். எல்லாரும் கேட்டுக் கேட்டு, இப்ப திருப்பின மாதிரியே கைக்கு ஞாபகம் இருக்கு. சில நாள் கடையில ஸ்க்ரூ திருப்பும்போது கை நின்னுடும்."

இத்தனை வருடம் இந்த மனுஷனோடு ஒரே தட்டில் சாப்பிட்டிருக்கிறேன். அவர் கை நடுவில் நின்றுவிடும் என்று எனக்குத் தெரியாது.

"லைட் மினுக்குச்சா அன்னிக்கு?"

கண்ணை மூடிக்கொண்டார். "மினுக்குச்சு. காலையில ஜெனரேட்டர மாத்துவாங்கல்ல."

அப்போதுதான் எனக்கு உறைத்தது. நாங்கள் கரண்டை முழுதாக நிறுத்திவிட்டுப் போட்டிருக்கிறோம். கண் சிமிட்டுகிற நேரத்துக்கு நிறுத்திப் பார்க்கவே இல்லை. துள்ளி எழுந்தேன். எழுந்தவளுக்கு இன்னொன்றும் தோன்றியது. கீழே வேலை செய்கிறவன் இறங்கியதும் அமுக்க வேண்டிய சிவப்பு பட்டன் ஒன்று உண்டு. அது அமுங்கியிருந்தால் மேலே யார் என்ன செய்தாலும் மெஷின் ஓடாது.

"அண்ணன் சிவப்பு பட்டன அமுக்கலையா?"

சட்டைப் பொத்தான்களைப் போட்டார். தப்பும் தவறுமாகப் போட்டார்.

"அமுக்கினான். கடைசிப் படிதானே, இதுக்காக இன்னொரு தடவ குனியணுமான்னு முன்னாடியே எடுத்து விட்டுட்டான். நாங்க எல்லாருமே அப்படித்தான் செய்வோம்."

"இத ஏன் விசாரணையில சொல்லல?"

"செத்தவன் மேல பழியப் போடச் சொல்றியா? உங்க பையன் தப்புத்தான்னு உங்க அம்மா மொகத்தப் பார்த்து நான் சொல்லணுமா?" குரல் எழும்பியது, உடனே அடங்கிவிட்டது. "என்னைத் திட்டிட்டுப் போகட்டும்னு விட்டேன்."

நான் அழுதேன். அவர் கடைக்குப் போகவில்லை.

மார்ச் 15, சனி

ஓடியது.

சாவியை என் கைப்பைக்குள் போட்டு ஜிப்பை மூடிவிட்டேன். கீழே யாரும் இல்லை என்று இரண்டு தடவை பார்த்தோம். காவலாளியை ஜெனரேட்டருக்கு மாற்றச் சொன்னோம். ஒன்றும் இல்லை. மெயினுக்கு. ஒன்றும் இல்லை. எலெக்ட்ரீஷியன் கொட்டாவி விட ஆரம்பித்துவிட்டார். "இன்னும் ஒரே தடவை" என்று நான் கெஞ்சி, காவலாளி முணுமுணுத்துக்கொண்டே போய் — விளக்கு சிமிட்டியது, மூன்றாம் எண் கிளம்பியது.

எலெக்ட்ரீஷியன் இரண்டு கைகளையும் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டார், யாரோ துப்பாக்கியை நீட்டியதுபோல. "நான் தொடல மேடம்! நான் தொடவே இல்ல!"

பெட்டியைப் பிரித்துப் பார்த்தார். உள்ளே ரிலே என்று ஒரு சின்னத் தானியங்கி சுவிட்ச், எப்போதாவது ஒட்டிக்கொள்கிறது. கரண்ட் கணநேரம் விட்டு வந்தால், தான் ஏற்கெனவே ஓடிக்கொண்டிருந்ததாக அந்தப் பெட்டி நினைத்துக்கொள்கிறது. என்னிடம் மன்னிப்புக் கேட்டார். நல்ல மனுஷன்.

என்னோடு இவரும் வந்திருந்தார். வாசல் கண்ணாடிக் கதவுக்கு வெளியே நிற்கிறேன், உள்ளே கூப்பிடாதே என்று சொல்லித்தான் வந்தார். எப்போது உள்ளே வந்தாரோ, மெஷினை நிறுத்தும் முன் நான் திரும்பிப் பார்த்தால் மூன்றாம் எண்ணின் அடியில் தரையில் உட்கார்ந்திருக்கிறார். படிகள் அவரை விட்டு ஏறிப் போய்க்கொண்டே இருந்தன. "மச்சான்" என்றார். என்னிடம் இல்லை.

மார்ச் 17, திங்கள்

சதவீதத்துக்கு முகம் கறுத்தது. "இது வெளிய போச்சுன்னா பழைய மெஷின்னாலே எவனும் கிட்ட வர மாட்டான். நாலு வருஷமா வளர்த்த மார்க்கெட்டும்மா."

அண்ணனைப் பற்றிச் சொன்னேன். வேலைக்குச் சேர்ந்து இத்தனை வருடத்தில் முதல் தடவையாக. மேஜை மேல் இருந்த பேனாவை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நகர்த்தினார்.

"இதே பெட்டியோட எங்கெல்லாம் வித்திருக்கோம்?"

சொன்னேன். கதவைச் சாத்திக்கொண்டு மத்தியானம் வரை அவரே ஒவ்வொரு இடத்துக்கும் போன் செய்தார். கண்ணாடி வழியாகப் பார்த்தேன், உட்காரவே இல்லை. ஆஸ்பத்திரிக்காரர்கள் வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். நான்கும் பழைய இரும்புக்குப் போகும்.

மார்ச் 23, ஞாயிறு

அம்மாவிடம் சொன்னேன். சிவப்பு பட்டன் பற்றிச் சொல்லவில்லை.

நடுவில் குறுக்கிடாமல் கேட்டாள். அம்மாவுக்கு அது வழக்கமே இல்லை. கடைசியில், "அப்போ இத்தனை வருஷமா நான் யாரத் திட்டிட்டிருந்தேன்?" என்றாள்.

"மெஷின்ம்மா. மெஷின் தப்பு."

"மெஷினத் திட்டி நான் என்னடி பண்றது?" என்று கத்தினாள். பிறகு முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டு, "நீ கெளம்பு" என்றாள்.

மார்ச் 27, வியாழன்

அம்மா போனை எடுப்பதில்லை. பக்கத்து வீட்டுக்காரியைக் கேட்டால் நன்றாகத்தான் இருக்கிறாள் என்கிறாள்.

இவருக்குப் பாரம் இறங்கியிருக்கும் என்று நினைத்தேன். முன்னைவிட மோசமாக இருக்கிறார். பாதிச் சாப்பாட்டில் எழுந்து போகிறார். ஏன் இப்படி இருக்கீங்க, இப்பதான் நிம்மதியா இருக்கணும் என்று அதட்டினேன்.

"பழி இருந்தவரைக்கும் அவன் என் கூடவே இருந்தான்" என்றார்.

தட்டைக் கழுவப் போனேன்.

ஏப்ரல் 6, ஞாயிறு

அம்மா வீட்டுக்குப் போனால் பூட்டு தொங்குகிறது. போன் போட்டேன், எடுக்கவில்லை. ஆட்டோ பிடித்து அடித்துப்பிடித்து வீட்டுக்கு வந்தால், எங்கள் வாசலில் அவள் செருப்பு.

உள்ளே நாற்காலி நுனியில் உட்கார்ந்திருந்தாள், எப்போது வேண்டுமானாலும் எழுந்து போய்விடுகிறவள்போல. இவர் எதிரில் முக்காலியில். நான் வந்ததை இருவருமே கவனித்ததாகத் தெரியவில்லை.

"கடைசியா அவன் என்ன பேசினான்?" என்று அம்மா கேட்டுக்கொண்டிருந்தாள்.

விசாரணைக்காரர்கள் சாவியைப் பற்றிக் கேட்டார்கள். போலீஸ் நேரத்தைக் கேட்டது. இதை யாருமே அவரிடம் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. அவனோடு கடைசியாகப் பேசியவர் என் பக்கத்தில்தான் இவ்வளவு காலமும் படுத்திருந்தார்.

அவர் தொண்டையைச் செருமிக்கொண்டார். "வண்டியில வரும்போது ஜன்னல் சீட்டுக்குச் சண்டை போட்டான். பாட்டு பாடிட்டே வேலை செஞ்சான், அடிக்குரல்ல, கேக்க முடியல. கடைசிப் படிய மாட்டும்போது கீழேர்ந்து கத்தினான், 'மாப்ள, பர்ஸ வீட்லயே வச்சுட்டேன், சாப்பாட்டுக்கு இன்னிக்கும் நீதான்'னு. நான் 'என்னிக்கு நீ குடுத்தே'ன்னேன். சிரிச்சான். அவ்வளவுதான் அத்தை."

சிவப்பு பட்டனை அவர் சொல்லவில்லை. என்னைப் பார்க்கவும் இல்லை. நானும் வாயைத் திறக்கவில்லை, இனி திறக்கவும் மாட்டேன்.

"பர்ஸ அவன் என்னிக்கு எடுத்துட்டுப் போனான்" என்று அம்மா சிரித்தாள். சிரிப்பு அப்படியே அழுகையாக உடைந்தது. இவர் எழுந்து என்ன செய்வதென்று தெரியாமல் மின்விசிறியைக் கூட்டி வைத்தார்.

டீ போடச் சமையலறைக்குள் போனேன். தண்ணீர் கொதிக்கிற சத்தத்துக்கு மேலே அம்மாவின் குரல் கேட்டது.

"மொதல்லேர்ந்து சொல்லுங்க மாப்பிள்ளை. வண்டியில ஏறினதுலேர்ந்து."