நெருப்புண்ணி மண்

ஏழாயிரம்பண்ணை,
14.6.1961

அன்புள்ள அத்தானுக்கு,

அப்பா எனக்குக் கொடுத்த மானாவாரிக் காட்டில் ஒரு நீலமண் கிடைக்கிறது. அது நெருப்பைத் தின்று, பிறகு ஒளியாக உமிழ்கிறது. பட்டாசு மருந்து பற்றி வெந்துபோன நம் ஊர்ப் பாக்கியவதியின் தோளில், நான் நர்ஸாக இருக்கும் ஆஸ்பத்திரியில் நானே அதைக் குழைத்துப் பூசினேன். "எக்கா, காந்தலே இல்லையே!" என்று அழுதாள்.

அதைக் கேள்விப்பட்டு உங்கள் பட்டாசு ஆலை முதலாளி இங்கே வந்தார். "மத்தாப்புக்குத் தோதான மண்ணு. காட்டைக் கொடுத்துருங்க. இல்லைன்னா உங்க வீட்டுக்காரருக்கு வேலை இருக்காது" என்றார்.

"வெந்தவங்களுக்குத்தான் இந்த மண்ணு. தர மாட்டேன்" என்று சொல்லிவிட்டேன்.

உங்கள் கடைசிக் கடிதத்தை இடக்கையால் எழுதியிருக்கிறீர்கள். வலக்கைக்கு என்ன ஆயிற்றென்று நான் கேட்கவில்லை. இத்துடன் ஒரு பொட்டலம் மண் அனுப்பியிருக்கிறேன். பூசிக்கொண்டு, வேலையை உதறிவிட்டு வந்துவிடுங்கள்.

காட்டை விட்டுக்கொடுக்காத,
உங்கள் மனைவி