தெரியவந்த தேதி

மார்ச் 4

அன்புள்ள அண்ணா,

போனில் பேசினால் அழுதுவிடுவேன், அதனால் எழுதுகிறேன். நேற்றுக் காலை சட்டைத் துணி வெட்டிக்கொண்டிருந்தபோது கோர்ட்டிலிருந்து ஒருவர் டேப்பும் கையுமாக வந்து நின்றார். "வீட்டை அளக்கணும்மா, தீர்ப்பாயிடுச்சு" என்றார். வீடு முழுக்க உன்னுடையது, நான் சும்மா ஒட்டிக்கொண்டிருக்கிறேன் என்று உன் பெயரில் என்மேல் வழக்குப் போட்டிருக்கிறதாம். நான் கோர்ட்டுக்குப் போகாததால் என் பக்கம் கேட்காமலே முடித்துவிட்டார்களாம். நோட்டீஸைக் கதவில் ஒட்டினார்களாம். அந்த மாதமெல்லாம் இவருடைய ஆபரேஷனுக்காக நாங்கள் ஆஸ்பத்திரியில் கிடந்தது உனக்கே தெரியும்.

அப்பாவின் பத்திரத்தை இரண்டு பேர் பெயருக்கும் மாற்றப்போகிறேன் என்றுதானே சொன்னாய்? உன் வக்கீல் எதையோ மாற்றிப் போட்டுத் தொலைத்திருக்கிறார். ஒரு வார்த்தை சொல்லி ரத்து செய்யச் சொல்.

உன் மாப்பிள்ளைக்கு மூத்திரப் பையை இன்னும் எடுக்கவில்லை. வெட்கப்பட்டுக்கொண்டு யாரையும் உள்ளே விடுவதில்லை. உன்னிடம் மட்டும் சொல்கிறேன்.

உன் வாயாடி


மார்ச் 12

அன்புள்ள வாயாடிக்கு,

மாப்பிள்ளை இவ்வளவு கஷ்டப்படுவது தெரியாமல் போயிற்று. உன் கடிதத்தைப் படித்ததும் சோறு இறங்கவில்லை. நீ கண்டதையும் நினைத்து மண்டையை உடைத்துக்கொள்ளாதே. அங்கே இங்கே அலையாமல் அவரைக் கவனி. மகளுக்குப் பரீட்சை முடிந்ததும் ஓடி வருகிறேன். எல்லாம் நேரில் பேசிக்கொள்ளலாம். நான் இருக்கும்போது உனக்கென்ன கவலை?

என்றும் உன் அண்ணன்


மார்ச் 19

அன்புள்ள அண்ணா,

உன் கடிதத்தை அவருக்கு வாசித்துக் காட்டினேன். மச்சான் நம்மை விட்டுக்கொடுக்கமாட்டார் என்று சிரித்தார். ஆபரேஷனுக்குப் பிறகு இப்போதுதான் சிரிக்கிறார்.

அடுத்த தெரு வக்கீலிடம் போயிருந்தேன். கறாரான ஆள். தீர்ப்பு தெரியவந்த நாளிலிருந்து முப்பது நாளுக்குள் அதை ரத்து செய்ய மனுப் போட வேண்டும், ஏப்ரல் இரண்டோடு கெடு முடிகிறது என்று விரட்டுகிறார். கூடப்பிறந்தவன் மேல் நான் மனுப் போடுவதா? அண்ணன் வருகிறார் என்று சொல்லிவிட்டு எழுந்து வந்தேன். பைத்தியத்தைப் பார்ப்பதுபோல் பார்த்தார்.

அதற்குள் வந்துவிடு. ஏமாற்றினால் பழைய அளவிலேயே உனக்குச் சட்டை தைத்துவிடுவேன், தொப்பை உள்ளே போகாது.

உன் வாயாடி


மார்ச் 28

அன்புள்ள வாயாடிக்கு,

பரீட்சை தள்ளிப்போய்விட்டது. ஏப்ரல் பத்தாம் தேதி காலை பஸ்ஸில் கண்டிப்பாக வருகிறேன். அதுவரை யார் பேச்சையும் கேட்டுக் குழம்பாதே. சட்டையைக் கொஞ்சம் தாராளமாகவே தை. மாப்பிள்ளையை விசாரித்ததாகச் சொல்.

என்றும் உன் அண்ணன்


ஆகஸ்ட் 22

அண்ணா,

இன்று என் மனுவைத் தள்ளுபடி செய்துவிட்டார்கள். நீயும் கடைசி பெஞ்சில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டுதான் இருந்தாய்.

பத்தாம் தேதி நீ வரவில்லை. இன்னும் நாலு நாள் பார்த்துவிட்டு வக்கீலிடம் ஓடினேன். கெடு தாண்டிவிட்டதால், மார்ச் இருபதாம் தேதிதான் எனக்குத் தெரியவந்தது என்று எழுதினார். பொய்யென்று தெரிந்தே கையெழுத்துப் போட்டேன். அது என் தப்பு. ஆனால் என் மார்ச் நாலாம் தேதிக் கடிதத்தை உன் வக்கீல் எடுத்து நீட்டுவார் என்று கனவிலும் நினைக்கவில்லை. தேதியை மட்டும் காட்டியிருந்தால் போதாதா? முழுக்கப் படித்தார். மூத்திரப் பை வரைக்கும் படித்தார். யாரோ சிரித்தார்கள்.

நீதான் என்னை நிறுத்திவைத்தாய் என்று காட்ட உன் கடிதங்களை என் வக்கீலிடம் கொடுத்திருந்தேன். மூன்று தடவை புரட்டினார். "வீடு, வழக்குன்னு உங்க அண்ணன் ஒரு வார்த்தைகூட எழுதலியேம்மா" என்றார். அப்போதுதான் நானும் பார்த்தேன். சோறு இறங்கவில்லை என்று எழுதும்போதே யோசித்து யோசித்து எழுதியிருக்கிறாய்.

மாத முடிவுக்குள் காலி செய்ய வேண்டும். படுத்திருப்பவரையும் தையல் மெஷினையும் எங்கே கொண்டுபோவது என்று தெரியவில்லை.

வீட்டுக்குள் நுழைந்ததும், மச்சான் வந்திருந்தாரா, எப்படி இருக்கிறார் என்று இவர் கேட்டார். கொஞ்சம் இளைத்துவிட்டார் என்றேன்.

"அவ்வளவு தூரம் வந்தவரை ஒரு வாய் சாப்பிடக் கூப்பிடாம வந்துட்டியே" என்று என்னைத் திட்டினார். எல்லாம் வக்கீல்கள் செய்த குளறுபடி என்றே இன்னும் நம்பிக்கொண்டிருக்கிறார். நாளைக்குச் சொல்லப்போகிறேன்.

எங்கே குடிபோனாலும் அந்த முகவரியை உனக்குத் தரமாட்டேன்.