நான் சொல்லாமல் விட்ட சேதி

அன்புள்ள மன்னி,

நீங்கள் போய்ப் பத்து மாதம் ஆகிறது. ஸ்ரீரங்கத்து வீட்டில் இப்போது நான் மட்டும்தான். பேச ஆளில்லாமல் காய்கறிக்காரம்மாவைக்கூட இரண்டு நிமிஷம் கூடுதலாக நிறுத்தி வைக்கிறேன்.

போன ஞாயிற்றுக்கிழமை திருச்சியில் ஒரு ஜப்பானியப் படம் போட்டார்கள். நாலு பேர் நடுவில் உட்காரலாமே என்று போனேன். புருஷனை இழந்த ஒரு பெண். அவள் மனசுக்குப் பிடித்த மரவியாபாரி வீடு தேடி வருகிறான். "அவளுக்கு இஷ்டமில்லை" என்று மாமியார் வாசலிலேயே அனுப்பிவிடுகிறாள். காகிதக் கதவுக்குப் பின்னால் நின்று அவள் அதைக் கேட்கிறாள். திறக்க நீட்டிய கையை அப்படியே இறக்கிக்கொள்கிறாள்.

எழுந்து வெளியே வந்துவிட்டேன். அந்தப் பெண்ணுக்குக் காதிலாவது விழுந்தது, மன்னி. உங்களுக்கு அதுவும் இல்லையே.

அப்போது அண்ணா இறந்து நாலு வருஷம் ஆகியிருந்தது. அரியமங்கலம் பட்டறையில் நீங்கள் ஆபீஸ் வேலை பார்த்தீர்கள். அங்கே லேத் ஓட்டிய சேகர், நீங்கள் இல்லாத நேரத்தில் வீட்டுக்கு வந்தார்.

"அவங்களுக்குச் சம்மதம்னா பெரியவங்ககிட்ட வந்து பேசறேன். கேட்டுச் சொல்லுங்க."

உங்களைக் கேட்காமலே நான் பதில் சொன்னேன். "மன்னிக்கு இஷ்டமில்லை. இனிமே வராதீங்க."

அவர் அந்த வேலையையே விட்டுவிட்டார். "கமலி, சேகர் நம்மாத்துக்கு வந்தாரா?" என்று ஒரே ஒரு தடவை கேட்டீர்கள். இல்லை என்றேன். அன்றைக்கு நீங்கள் சாப்பிடவில்லை.

ஊர் பேசுமே என்றுதான் அப்படிச் செய்தேன் என்று இத்தனை வருஷமும் எனக்கே சொல்லிக்கொண்டேன். நிஜம் அதுதானா? நீங்களும் போய்விட்டால் எனக்கு யார் இருக்கிறார்கள் என்ற பயம் அல்லவா அது?

நேற்று விசாரித்துக்கொண்டு சேகரைப் பார்க்கப் போனேன். தலை முழுக்க நரைத்திருந்தது. நீங்கள் இல்லை என்பதே அவருக்குத் தெரியாது. எல்லாவற்றையும் சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன்.

"என்னைப் பத்திக் கேட்டாங்களா?" என்றார்.

"கேட்டாங்க. அன்னிக்குச் சாப்பிடவே இல்லை."

கண்ணாடியைக் கழற்றி முகத்தைத் துடைத்துக்கொண்டார். "வருஷத் திதிக்கு நான் வரலாமாங்க?"

வரச் சொல்லியிருக்கிறேன். சொந்தக்காரர்கள் எல்லாரும் இருப்பார்கள், இவர் யார் என்று நிச்சயம் கேட்பார்கள். பட்டறையில் கூட வேலை பார்த்தவர் என்று மழுப்ப மாட்டேன். எங்கள் மன்னி ஆசைப்பட்ட மனிதர் என்று எல்லார் முன்னாலும் சொல்வேன்.

உங்கள் நாத்தனார்,
கமலி