துடைத்த மேசையைத் துடைத்தவள்

அன்பு மகளுக்கு,

அம்மா நலம். முழங்கால் மட்டும் சொன்ன பேச்சைக் கேட்பதில்லை. போனில் பேசினால் பாதியிலேயே "வெச்சிடறேம்மா, ஃப்ரெண்ட்ஸ் இருக்காங்க" என்கிறாய். அதனால்தான் எழுதுகிறேன்.

நான் வேலை செய்யும் வீட்டு எஜமானியின் வீடியோவைப் பார்த்துவிட்டு, "அவ்ளோ பணம் இருந்தும் வீட்டை அவங்களே சுத்தம் பண்றாங்க, கிரேட்மா" என்று மெசேஜ் அனுப்பியிருந்தாய். அடி அசடே! அன்று விடியற்காலையே போய்ப் பதினோரு ஜன்னல், நான்கு குளியலறை, மாடிப்படி எல்லாம் தேய்த்து முடித்தவள் உன்னைப் பெற்றவள். கேமரா வந்ததும் என்னைத் துணி துவைக்கும் அறைக்குள் தள்ளிக் கதவைச் சாத்தினாள். தும்மக்கூடக் கூடாதாம். கதவிடுக்கு வழியாகப் பார்த்தேன், நான் துடைத்து வைத்த மேசையைத்தான் அந்த மகராசி புதுத் துணியால் மறுபடி துடைத்தாள்.

அதையாவது உருப்படியாகச் செய்தாளா? எந்த பாட்டிலில் என்ன இருக்கிறது என்று தெரிந்தால்தானே! கண்ணாடி துடைக்கும் மருந்து என்று நினைத்து, கழிப்பறை ஆசிட்டைப் பளிங்கு மேசையில் ஊற்றிவிட்டுக் கேமராவைப் பார்த்து இளித்தாள். மேசை நுரைத்து வெளுத்துப்போனது. "பாட்டிலை ஏன்டி அங்க வெச்சே?" என்று என்மேல் பாய்ந்தாள். கைக்கு வேலை தெரியாது, வாய் மட்டும் முழ நீளம். அந்தக் கறை போகாதென்று சொல்லியும் இரண்டு நாள் என்னைத் தேய்க்க வைத்தாள். இப்போது அதன்மேல் ஒரு பூஜாடி உட்கார்ந்திருக்கிறது. வீட்டு வேலை மனதைச் சுத்தமாக்கும் என்று வீடியோவுக்குக் கீழே எழுதியிருக்கிறாளாமே. தூ!

அவள் கிடக்கிறாள். அவள் எனக்கு யார்?

போன வாரம் உன் போனை எடுத்த அறைத்தோழி, "ஆன்ட்டி, உங்க ஹோட்டல்ல இன்னைக்குக் கூட்டமா?" என்று கேட்டாள். என்னை ஹோட்டல் மேனேஜர் ஆக்கிவிட்டாயாம். "ஆமாம்மா, நிக்க நேரமில்ல" என்று சொல்லி உன் மானத்தைக் காப்பாற்றினேன். அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை.

பட்டமளிப்பு விழாவுக்கு வர வேண்டாம், வீண் அலைச்சல் என்கிறாய். நான் வருகிறேன். லீவு சொல்லிவிட்டேன். நல்ல புடவைதான் கட்டுவேன், பயப்படாதே. யாராவது கேட்டால், "எங்கம்மா, வீட்டு வேலை செய்றாங்க" என்று சொல்லு. உனக்கு வாய் வராவிட்டால் முன்னாடியே எழுதிவிடு கண்ணு. கடைசி வரிசையில் யாரோ மாதிரி உட்கார்ந்து, நீ மேடை ஏறுவதை மட்டும் பார்த்துவிட்டுப் போய்விடுகிறேன்.

எப்படியானாலும் நீ நன்றாக இருக்க வேண்டும்.

உன்
அம்மா