ஊமைப்படத்துக்கு ஒரு மங்களம்

சான் ரமோன்
16 பிப்ரவரி 1998

சௌபாக்கியவதி ருக்மிணிக்கு, அக்காவின் ஆசீர்வாதம். இங்கே மூவரும் சௌக்கியம். இரண்டு வாரமாக விடாத மழை. நான் தமிழில் கேட்டால் என் பெண் ரக்ஷா இங்கிலீஷில் பதில் சொல்கிறாள். என்னோடு சண்டை மட்டும் தமிழில்.

உன் கடிதம் வந்து இரண்டு மாதமாகிறது. பதில் போடாததற்குக் கோபம் காரணமில்லை. என்ன எழுதுவதென்று தெரியவில்லை, அவ்வளவுதான்.

போன சனிக்கிழமை லைப்ரரியில் பழைய ஜெர்மன் ஊமைப்படம் போட்டார்கள். பியானோ வாசிக்கிற பெண்ணுக்கு ஃப்ளூ. உன் அத்திம்பேர் அங்கே வாலண்டியர் ஆயிற்றே, என்னைக் கேட்காமலே நான் வயலின் வாசிப்பேன் என்று சொல்லிவிட்டு வந்துவிட்டார். வாங்கு வாங்கென்று வாங்கினேன். பத்து வருஷம் கழித்துப் பெட்டியைத் திறந்து, தந்தி மாற்றி, திரைக்கு ஓரமாக ஜமுக்காளம் விரித்து உட்கார்ந்தேன்.

படத்தில் ஒரு நாட்டியக்காரி. காதலன் சங்கீதத்தில் பெரிய ஆளாக வேண்டும் என்று, அவன்மேல் ஆசையே இல்லாத மாதிரி நடித்து அனுப்பிவிடுகிறாள். அவன் கைதட்டல் வாங்குகிற நேரத்தில் இவள் ஆஸ்பத்திரியில் கண்ணை மூடுகிறாள். அதுவரை முகாரியில் இழைத்துக்கொண்டிருந்தேன். முடிவு என்று எழுத்து வந்ததும் என் கை பாட்டுக்கு மத்யமாவதிக்குப் போய் மங்களம் வாசித்துவிட்டது! கச்சேரி முடிந்தால் மங்களம், கைக்கு வேறென்ன தெரியும்? செத்தவளுக்கு மங்களமா என்று எனக்கு ஒரே வெட்கம். ஆனால் முன்வரிசை அம்மாள் ஒருத்தி வந்து, அவள் சந்தோஷமாகத்தான் போனாள் என்று உன் வாசிப்பில் தெரிந்தது என்றாள்.

காரில் உன்னை நினைத்து அழுதேன். உனக்காக நான் வயலினைத் தியாகம் செய்ததாக எழுதியிருந்தாய். பெரிய சபாக்காரர்கள் உன் பாட்டுக்குப் பக்கவாத்தியமாக என்னை வேண்டாம் என்றபோது நீ வாய் திறக்கவில்லை. வலித்தது, இல்லையென்று சொல்ல மாட்டேன். ஆனால் அதற்காக நான் இங்கே வரவில்லை. பெண் பார்க்க வந்த மனுஷர் என் வாசிப்பைக் கேட்டுக்கொண்டே பஜ்ஜியை ஆறவிட்டார். எனக்குப் பிடித்துப்போயிற்று. ஆசைப்பட்டுத்தான் வந்தேனடி. என்னைத் தியாகி ஆக்காதே.

ஏப்ரலில் இங்கே உன் கச்சேரி என்றாயே, உன்னோடு வரும் வயலின்காரருக்கு விசா எடுத்தாயிற்றா? இல்லையென்றால் எடுக்க வேண்டாம். உன் சுருதி இன்னும் ஐந்தரைக் கட்டைதானே? என் வயலினை அதில்தான் கூட்டி வைத்திருக்கிறேன்.

தொண்டையைப் பார்த்துக்கொள். தீர்க்காயுசாக இரு.

உன் அக்கா
விசாலாக்ஷி