றம்ஸியாவின் குசினியில் எடுத்த படம்

அன்புள்ள மகள் நதீஷாவுக்கு,

நானும் அப்பாவும் சுகம், நீயும் அந்தக் கனடாக் குளிரில் தடிமன் காய்ச்சல் இல்லாமல் இருக்க மாதாவை மன்றாடுகிறேன். போனில் கதைத்தால் குறுக்கே விழுந்து என் வாயை அடைத்துவிடுவாய், அதனால்தான் எழுதி, அதைப் படம் பிடித்து அனுப்புகிறேன், முழுக்க வாசி. உன் தம்பி மெல்ரோய்க்குத் துறைமுகத்தில் வேலை நிரந்தரமாகிவிட்டது, அப்பாவுக்குச் சீனி வருத்தம் கொஞ்சம் கூட, ஆனாலும் இனிப்புத் தேத்தண்ணியை விடமாட்டாராம்.

நீ எடுத்து அனுப்பிய வீடியோப் படத்தை முழுக்கப் பார்த்தேன். குறிஞ்சாக்கேணியில் றம்ஸியாவின் குசினியில் அவளும் நானும் மீன் வெட்டிக்கொண்டு கதைத்தது முழுக்க அதில் இருக்கிறது. களவாய் வெடி போட்டு மீன் பிடிப்பவர்களின் பேரையெல்லாம் அவள் சொல்கிறாள். பிள்ளை, எங்களுக்குக் கமரா என்றால் கலியாண வீட்டுக் கமராதான், லைட் பிடித்து "இங்க பாருங்க" என்று சொன்ன பிறகுதான் அது ஓடும். நீ அதை மூலையில் நட்டுவிட்டு எங்களோடு இருந்து பிளேன்ரீ குடித்தாய். அவள் சம்மதித்தவள்தானே என்கிறாய். ஓம், சமையலை எடுக்கச் சம்மதித்தாள். நடப்பதை அப்படியே காட்டுவதுதான் உன் தொழில், வெட்டினால் பொய்யாகிவிடும் என்கிறாய். அந்தத் தொழிலுக்காக நீ ஊர் ஊராய் அலைந்து பட்ட பாடு எனக்குத் தெரியும், இந்த இடம்தான் படத்துக்கு உயிர் என்பதும் விளங்குகிறது. ஆனால் அவள் மகன் முனீப் அந்த ஆட்களோடு ஒரே துறையில்தான் வள்ளம் இறக்குகிறான். அவர்கள் தோள் கொடுக்காவிட்டால் அவன் வள்ளம் கரையேறாது. கடலில் ஒன்று நடந்தால் கேட்பார் யார்? வெளிநாட்டில்தானே காட்டுகிறோம் என்று சொல்லாதே, இங்கே எல்லோர் கையிலும் போன் இருக்கிறது.

ஞாயிற்றுக்கிழமை காட்டுவதற்கு முன் அந்தக் கதையை வெட்டிவிடு. "ஆர் அந்த ஆக்கள்?" என்று கேட்டது நான்தான், படத்தில் என் குரல் கேட்கிறது. அவள் பதில் சொன்னது எனக்கு, உன் கமராவுக்கு அல்ல.

நேரத்துக்குச் சாப்பிடு, பூசைக்குப் போ, ஆண்டவர் உன்னைக் கைவிடமாட்டார். வெட்டிவிட்டேன் என்று ஒரு சொல் அனுப்ப மறக்காதே. நேற்றுச் சந்தையில் றம்ஸியா என் கையைப் பிடித்து, "புள்ளட படம் எப்ப வரும்? எண்ட குசினிய உலகமே பாக்கப் போகுதே" என்று சிரித்தாள். முனீப்பைக் கொஞ்ச நாளைக்குக் கடலுக்கு விடாதே என்றேன். ஏன் என்று கேட்டாள். காற்றுச் சரியில்லையாம் என்று பொய் சொன்னேன், அவள் நம்பிவிட்டாள்.

உன் அம்மா,
மாகிரட்