எல்லாருக்கும் வளைந்து தெரிந்த படம்

இன்று மெட்ரோவில் ஏறியதும் நனைந்த கம்பளிக் கோட்டுகளின் வாடை மூக்கில் அடித்தது. இந்த சுவிஸ் நகரம் லோசானின் அந்தச் சின்னத் திரையரங்கும், பக்கத்து இருக்கையில், தோழி, நீ இருந்த இருப்பும் அப்படியே நினைவுக்கு வந்தன.

2012 கார்த்திகையில் ஒரு ஞாயிறு. ஆஸ்பத்திரிச் சலவைப் பகுதியில் காலை வேலையை முடித்துவிட்டு, மழைக்கு ஒதுங்கத்தான் நாம் இருவரும் அங்கே நுழைந்தோம். ஏதோ பழைய ஹங்கேரியப் பரிசோதனைப் படம். கதை என்று ஒன்றும் இல்லை. சுவர்கள் சரிந்து நின்றன. தெரு நெளிந்து ஓடியது. ஒரு மனிதன் நீட்டிய கை அவன் முகத்தைவிடப் பெரிதாக இருந்தது. பலர் பாதியிலேயே எழுந்து போனார்கள். எனக்கும் தலை சுற்றியது.

"வா, போவம்" என்றேன்.

நீ அசையவில்லை. திரையைப் பார்த்தபடியே, "எனக்குக் கொஞ்ச நாளா எல்லாம் இப்பிடித்தானடி தெரியுது" என்றாய்.

"பகிடியோ?"

"இல்லை. கதவு நிலை வளைஞ்சு நிக்குது. உன்ர முகத்துக்கு நடுவிலை ஒரு சுளி. மூளையிலை ஏதோ எண்டு பயந்து ஒருத்தருக்கும் சொல்லேல்லை."

உன் கை சில்லிட்டிருந்தது. படம் முடியும்வரை அதைப் பிடித்திருந்தேன்.

மறுநாளே கண் மருத்துவரிடம் போனோம். விழித்திரையின் நடுப்பகுதி பழுதாகிறது என்றார். மூளையில் ஒன்றும் இல்லை என்று கேட்டதும் நீ அழுதாய். கண்ணுக்குள் ஊசி போடும் நாள்களில் நானும் லீவு எடுத்துக் கூட வந்தேன். இடது கண் போய்விட்டது. வலது கண்ணை ஓரளவு காப்பாற்றினார்கள்.

அதன் பிறகு அந்த மாதிரிப் படங்களை நீ தேடித் தேடிப் போனாய், என்னையும் இழுத்துக்கொண்டு. இருட்டில் உன் கைப்பையிலிருந்து, நீ வீட்டில் பொரித்துக் கொண்டுவந்த ரோல்ஸின் வாசம் எழும். முன்வரிசைக்காரர் திரும்பிப் பார்ப்பார். அப்படி என்னதான் இருக்கிறது இதில் என்று ஒருமுறை கேட்டேன்.

"மற்றப் படங்களிலை எனக்கு மட்டும்தான் வளைஞ்சு தெரியும். இதிலை எல்லாருக்கும் வளைஞ்சு தெரியுது. துணைக்கு ஆக்கள் இருக்கிற மாதிரி."

போன மாசியில் நெஞ்சுவலி உன்னைக் கொண்டுபோனது. கண்ணைப் பற்றியே கவலைப்பட்ட நாம் நெஞ்சை நினைக்கவே இல்லை.

இந்த ஊர் முழுக்க ஏற்றமும் இறக்கமும். உன்னோடு நடந்த ஆண்டுகளில் "படி வருது" என்று சொல்லிச் சொல்லி என் வாய் பழகிவிட்டது. நேற்று மகளோடு இறங்கும்போதும் சொன்னேன்.

"எனக்குத் தெரியுதுதானே அம்மா" என்றாள்.

"ஓம்" என்றேன். அடுத்த படிக்கட்டிலும் சொன்னேன்.